ஆணை பிழையாத் தலைவர் அகிரே

பண்டைத் தமிழ் வேந்தர் தத்தமக்கெனக் காவன்மரம் ஒன்றைப் பேணி வளர்த்தனர் என்பதும், அம்மரம் பகைவரால் வெட்டுண்டு வீழ்தல் அவ்வேந்தர்க்குப் பெருந்தோல்வியாகக் கருதப்பட்டது என்பதும் சங்கநூல் பயின்றார் அறிந்தனவே. ஐரோப்பாக் கண்டத்தின் மேற்கே, பிஸ்கே விரிகுடாக் கரையில் வாழும் பாஸ்க்கு மக்களுக்கும் அத்தகைய மரம் ஒன்று உண்டு. கேர்ணிக்கா என்னும் சிற்றூரில் நிற்கும் ஓக் மரமே அது. பிஸ்காயா நாட்டு மக்களின் பேராளர் முற்காலத்தில் அம்மரத்தின் நிழலிற் கூடியே தம் பொதுக்காரியங்களை ஆராய்ந்தனர். அந்நாட்டுக்குத் தலைமை பூண்ட ஸ்பானிய வேந்தரும், மக்களின் பழைய உரிமைகளைப் பேணுவோம் என்று அங்கே சூளுரைத்தல் மரபாயிற்று. மரம் பட்டுப்போமாயின் அதன் வித்திலிருந்து தோன்றிய கன்றையே மீண்டும் அவ்விடத்தில் நடுவர். இவ்வாறு மரம் மாறினும் மரபு மாறுவதில்லை.

1936ஆம் ஆண்டு ஒக்டோபர் மாதம் 7ஆந் திகதி, முப்பத்திரண்டு வயதினரான ஒருவர் அம்மரத்தடியில் நின்று ஓர் ஆணை எடுத்தார். ஒன்பது மாதம் நிறையுமுன் அவர் ஆண்ட நாடு பகைவர் கைப்பட்டது. எஞ்சிய வாழ்நாள் முழுவதையும் அவர் தம் மண்ணுக்குப் புறத்தேயே கழித்தார். ஆயினும் எடுத்த ஆணையை ஒரு நாளேனும் மறந்தாரல்லர். அவரே ஹொசே அந்தோனியோ அகிரே. பாஸ்க்கு மக்களின் முதற் சுயாட்சி அரசுக்குத் தலைவராயிருந்த அப்பெருமகனாரின் வரலாறு, வெற்றியினால் மட்டும் ஒருவரை அளந்தறிதல் கூடாது என்பதை நமக்குக் காட்டி நிற்கின்றது.

மொழியும் உரிமையும்

பாஸ்க்கு மக்கள் பிரனீஸ் மலைத்தொடரின் இருபுறமும் பரந்து வாழ்பவர். அவர்தம் நிலப்பகுதிகள் ஏழனுள் பிஸ்காயா, கிப்புஸ்கோவா, ஆலவா, நவாரா என்னும் நான்கும் ஸ்பானியாவிலும் ஏனைய மூன்றும் பிரான்சிலும் அடங்கும். அவர்கள் பேசும் எயுஸ்கரா மொழிக்கு உலகில் இனமொழி எதுவும் இருப்பதாக மொழிநூலார் இன்றுவரை நிறுவினாரல்லர். உரோமருடைய இலத்தீன் மொழி ஐரோப்பாவின் மேற்றிசையெங்கும் பரந்து பழைய மொழிகள் பலவற்றை விழுங்கியபோதும், இம்மொழி மலைக் கிராமங்களிலும் மீனவர் துறைகளிலும் அழியாது நிலைத்து நின்றது.

தமக்கெனத் தனி வழக்குச் சட்டங்களையும் வரிவிதிக்கும் உரிமையையும் அம்மக்கள் நெடுங்காலம் உடையராயிருந்தனர். ஸ்பானியாவில் நிகழ்ந்த அரசுரிமைப் போர்களின் முடிவில், 1876ஆம் ஆண்டில், அவ்வுரிமைகள் நீக்கப்பட்டன. அக்காலத்திலேயே பிஸ்காயாவின் இரும்புச் சுரங்கங்கள் பெருகின. பில்பாவோ நகரில் ஆலைகள் எழுந்தன. பிற மாகாணங்களிலிருந்து தொழிலாளர் ஆயிரக்கணக்கில் வந்து குடியேறினர். உரிமை போயிற்று, மொழியும் போகப்போகின்றது என்னும் அச்சத்திலிருந்தே பாஸ்க்குத் தேசிய இயக்கம் பிறந்தது. சபினோ அரானா என்பார் 1895ஆம் ஆண்டில் பாஸ்க்குத் தேசியக் கட்சியை நிறுவினார். நாட்டுக்கு எயுஸ்காதி என்னும் பெயரையும், செம்மையும் பசுமையும் வெண்மையும் கலந்த கொடியையும் வகுத்தவர் அவரே. ஆயினும் அரானா இனத்தூய்மையைப் பெரிதும் வற்புறுத்தி, வந்து குடியேறிய ஏழைத் தொழிலாளரைக் கடிந்தெழுதினார் என்பதை மறைத்தல் வரலாற்றுக்கு அழகன்று. இக்குறையை நீக்கும் பொறுப்பு அடுத்த தலைமுறையினர்மேல் விழுந்தது.

இளமை

அரானா 1903ஆம் ஆண்டு நவம்பரில் மறைந்தார். நான்கு மாதம் நிறையுமுன், 1904ஆம் ஆண்டு மார்ச் 6ஆந் திகதி, பில்பாவோ நகரில் அகிரே பிறந்தார். தந்தையார் தெயோதோரோ ஒரு சட்டத்தரணி. சொக்கொலேற் செய்து விற்றல் அக்குடும்பத்தின் தொழில். மக்கள் பதின்மருள் மூத்தவர் அகிரே. பாஸ்க்கு மொழி வாயிலாகக் கற்பிக்கும் பள்ளியொன்றிற் கல்வி தொடங்கிய அவர், பின்னர் ஓர்டூனியாவிலுள்ள இயேசு சபையாரின் கல்லூரியிற் பயின்றார். பதினாறாம் வயதில் தந்தையாரை இழந்தார். இளையோர் ஒன்பதின்மருக்கும் தாயாருக்கும் துணையாய் நிற்கவேண்டிய பெரும்பாரம் பள்ளிப்பருவம் நீங்குமுன்னரே அவர் தோள்மேல் ஏறியது.

தெயுஸ்தோப் பல்கலைக்கழகத்திற் சட்டம் பயின்று தேறிய அகிரே, குடும்பத்தார் பங்கு கொண்டிருந்த சொக்கொலேற் ஆலையின் நிருவாகத்திலும் ஈடுபட்டார். அதனினும் மேலாக அவரை ஊரறியச் செய்தது உதைபந்தாட்டம். பில்பாவோவின் புகழ்பெற்ற அத்லெற்றிக் கழகத்தில் நடுவரிசை ஆட்டக்காரராக அவர் ஆடினார். பிற்காலத்தில் அரசியல் மேடைகளில் அவர் தோன்றியபோது, ஆடுகளத்திற் கண்ட அதே முகத்தையே தொழிலாளரும் மாணவரும் கண்டு ஆரவாரித்தனர். கத்தோலிக்க இளைஞர் அமைப்புகளிலும் அவர் முன்னின்று உழைத்தார். சமயப்பற்றும் சமூகநீதியில் வேட்கையும் அவரிடத்து ஒன்றையொன்று பகையாது வளர்ந்தன.

நகரபிதாவும் பாராளுமன்ற உறுப்பினரும்

1931ஆம் ஆண்டு ஏப்பிரல் 14ஆந் திகதி ஸ்பானியாவில் முடியாட்சி நீங்கிக் குடியரசு மலர்ந்தது. பில்பாவோவை அடுத்த கெச்சோ நகரின் நகரபிதாவாக அகிரே தெரிவானார். பதவியேற்ற சின்னாட்களிலேயே, பாஸ்க்கு ஊர்களின் நகரபிதாக்கள் அனைவரும் கேர்ணிக்கா மரத்தடியிற் கூடிச் சுயாட்சி கோரவேண்டும் என்று அழைத்தார். அரசின் காவற்படையினர் வழிகளை அடைத்து அக்கூட்டத்தைத் தடுத்தனர். கூட்டம் தடைப்பட்டதாயினும் கோரிக்கை தடைப்படவில்லை. அவ்வாண்டிலேயே அகிரே பாராளுமன்றத்துக்கும் தெரிவாகி, சுயாட்சிக் கோரிக்கையின் முதற் குரலாயினார்.

அவ்வழி எளிதன்று. முதலில் வரைந்த திட்டம் சமய விடயங்களிற் குடியரசின் அரசியலமைப்போடு முரணியதால் வீழ்ந்தது. 1932ஆம் ஆண்டு யூன் மாதத்தில் நவாரா ஊர்களின் பேராளர் பெரும்பான்மையோர் திட்டத்தை ஏலாது விலகினர். ஏனைய மூன்று மாகாணங்களும் 1933ஆம் ஆண்டு நவம்பரில் வாக்கெடுப்பின் மூலம் சுயாட்சியை ஆதரித்தன. அதன்பின் வந்த வலதுசாரி அரசோ அதனைக் கிடப்பிற் போட்டது. இங்ஙனம் ஐந்தாண்டு காலம் அகிரே கற்ற பாடம் பெரிது. சமயத்தால் தம்மோடொத்த வலதுசாரிகள் சுயாட்சியை மறுத்தனர். சமயத்தால் மாறுபட்ட இடதுசாரிகளே அதனை அளிக்க இசைந்தனர். நண்பர் யார், மாற்றார் யார் என்னும் வினாவுக்கு எளிய விடை இல்லை என்பதை அவர் உணர்ந்தார்.

மரத்தடியில் எடுத்த ஆணை

1936ஆம் ஆண்டு யூலையிற் படைத்தலைவர் பலர் குடியரசுக்கெதிராகக் கிளர்ந்தெழ, உள்நாட்டுப் போர் மூண்டது. பாஸ்க்கு மக்களே இரண்டுபட்டனர். நவாராவிலும் ஆலவாவிற் பெரும்பகுதியிலும் மக்கள் பலர் கிளர்ச்சியாளரோடு சேர்ந்தனர். தேசியக் கட்சியோ குடியரசின் பக்கம் நிற்பதென முடிவு செய்தது. திருச்சபையைக் காக்கும் புனிதப்போர் என்று கிளர்ச்சியாளர் முழங்கிய வேளையில், நாடோறும் திருப்பலி காணும் கத்தோலிக்கராகிய அகிரே எதிர்ப்பக்கம் நின்றமை பலர்க்கு வியப்பையும் சிலர்க்குச் சினத்தையும் விளைத்தது. பாஸ்க்குக் குருமார் பதின்மருக்கு மேற்பட்டோர் கிளர்ச்சிப் படையினராற் சுட்டுக்கொல்லப்பட்டபோது, திருச்சபைத் தலைவர்கள் ஏன் வாய்திறவாதிருக்கின்றனர் என்று அகிரே அவ்வாண்டு டிசெம்பரில் வானொலி மூலம் வெளிப்படையாகவே வினவினார்.

ஒக்டோபர் 1ஆந் திகதி ஸ்பானியப் பாராளுமன்றம் சுயாட்சிச் சட்டத்தை நிறைவேற்றியது. அதற்குள் சான் செபஸ்தியான் நகரும் கிப்புஸ்கோவாவும் பெரும்பாலும் பகைவர் வசமாயின. எஞ்சியது பிஸ்காயா ஒன்றே எனலாம். ஆறு நாட்கள் கழித்து அகிரே கேர்ணிக்காவில் தலைவராகப் பொறுப்பேற்றார். இறைவன் திருமுன் பணிந்து, பாஸ்க்கு மண்ணில் நின்று, முன்னோரை நினைந்து, மக்களின் பேராளர் முன்னிலையில் தம் கடமையை வழுவாது ஆற்றுவதாகத் தாய்மொழியிற் சூளுரைத்தார். அவருடைய அமைச்சரவையிற் கத்தோலிக்கரும் சோசலிசவாதிகளும் குடியரசுக் கட்சியினரும் பொதுவுடைமையாளரும் ஒருங்கமர்ந்தனர். வந்து குடியேறிய தொழிலாளரின் கட்சிகளோடு சேர்ந்து ஆண்டமையால், அரானா வகுத்த குறுகிய எல்லையை அகிரே செயலாலே கடந்தார்.

போர்முனை நெருங்கிக்கொண்டிருந்த அந்நாட்களிலேயே அவ்வரசு ஒரு படையைத் திரட்டியது, காவற்றுறையை ஒழுங்குபடுத்தியது, பல்கலைக்கழகம் ஒன்றுக்கும் மருத்துவக் கல்வியோடு கால்கோள் செய்தது.

கறையும் கண்ணீரும்

அவ்வாட்சியில் ஒரு கறையும் உண்டு. 1937ஆம் ஆண்டு சனவரி 4ஆந் திகதி பகைவிமானங்கள் பில்பாவோமீது குண்டு வீசின. வெகுண்டெழுந்த கூட்டத்தார் சிறைகளுட் புகுந்து, அங்கிருந்த கைதிகளுள் இருநூறு பேருக்கு மேற்பட்டோரைக் கொன்றனர். தடுக்க அனுப்பப்பட்ட காவற்படையிற் சிலரும் அக்கொடுமையிற் கலந்துகொண்டனர். அகிரேயின் அரசு இதனை மறைக்கவுமில்லை, பகைவர்மேற் சுமத்தவுமில்லை. நிகழ்ந்ததை உலகறிய ஒப்புக்கொண்டு, குற்றவாளிகளை ஆராயுமாறு நீதிபதியையும் நியமித்தது. மாண்டவர் மீண்டாரல்லர், அரசு உரிய வேளையிற் காவாது தவறியதென்னும் பழியும் நீங்கவில்லை. ஆயினும் போர்க்காலத்தில் தம் பக்கத்தார் செய்த குற்றத்தைக் குற்றமென்றே கூறிய ஆட்சியாளர் மிகச் சிலர் என்பதும் கருதற்பாலது.

மார்ச் இறுதியிற் படைத்தலைவர் மோலா பிஸ்காயாமீது பெருந்தாக்குதல் தொடுத்தார். ஏப்பிரல் 26ஆந் திகதி, திங்கட்கிழமை, கேர்ணிக்காவிற் சந்தை நாள். பிற்பகல் நாலரை மணியளவில் ஜேர்மனியின் கொண்டோர் விமானப்படையும் இத்தாலிய விமானங்களும் அலையலையாக வந்து மூன்று மணி நேரத்துக்கு மேலாகக் குண்டுகளைச் சொரிந்தன. ஓடி ஒளிந்தோரும் வானிலிருந்து சுடப்பட்டனர். ஊரின் பெரும்பகுதி எரிந்து சாம்பராயிற்று. மாண்டோர் 1654 பேர் எனப் பாஸ்க்கு அரசு அறிவித்தது. பிற்கால ஆய்வாளர் பலர் அதனினும் மிகக் குறைந்த தொகையே கூறுவர். காவன்மரமும் அதனையடுத்த பேரவை மண்டபமும் சிதைவின்றித் தப்பின.

பாஸ்க்கு மக்களே தம் ஊருக்குத் தீயிட்டனர் என்று பிராங்கோவின் தரப்பினர் பறைசாற்றினர். ஜேர்மன் விமானங்களே அழித்தன என்று அகிரே உலகுக்கு உரைத்தார். அப்பொய் ஸ்பானியாவிற் பல்லாண்டு உலவியது. நிகழ்ச்சியின் அறுபதாம் ஆண்டாகிய 1997இல், ஜேர்மன் குடியரசுத்தலைவர் ரோமன் ஹேர்சொக் தம் நாட்டு விமானிகளின் பொறுப்பை ஒப்புக்கொண்டு கேர்ணிக்கா மக்களுக்குச் செய்தி விடுத்தார். மெய் வென்றது, ஆனால் அதனைக் கேட்க அகிரே உயிரோடிருக்கவில்லை.

அதன்பின் அரசின் முதற்கவலை குழந்தைகளைக் காத்தலாயிற்று. மே மாதத்தில் ஹவானா என்னும் கப்பல் ஏறத்தாழ நாலாயிரம் சிறுவரை ஏற்றி இங்கிலாந்தின் சௌதாம்ரன் துறைக்குச் சென்றது. வேறு பல கப்பல்கள் பிற நாடுகளுக்குச் சென்றன. பில்பாவோவைக் காக்க அமைத்த இரும்பு வளையம் என்னும் அரணின் வரைபடங்களை, அதனை அமைத்த பொறியியலாளருள் ஒருவரே பகைவரிடம் கொண்டுசென்றிருந்தார். யூன் 19ஆந் திகதி நகர் வீழ்ந்தது. ஆலைகளையும் உலைகளையும் தகர்த்துவிட்டுச் செல்லுமாறு குடியரசின் தலைமை பணித்தது. அவை மக்களின் எதிர்கால வாழ்வுக்குரியன என்று கருதிய பாஸ்க்கு அரசு அதற்கு இசைந்திலது. அவ்வாலைகள் பின்னர்ப் பிராங்கோவின் போருக்கே உதவின என்னும் குறை கூறுவாரும் உளர். நகர் கைவிடப்படுமுன், சிறையிலிருந்த கைதிகளைப் பாதுகாப்போடு விடுவித்து எதிர்ப்பக்கம் சேர்ப்பித்தமை, சனவரியில் நேர்ந்த கறையைச் சிறிதளவேனும் துடைத்தது எனலாம்.

ஒகஸ்டு மாதத்தில், சந்தோனியாவில், எஞ்சிய பாஸ்க்குப் படையினர் இத்தாலியரோடு உடன்பாடு செய்து படைக்கலங்களைக் கீழே வைத்தனர். பிராங்கோ அவ்வுடன்பாட்டை ஏற்றாரல்லர். பலர் சிறைப்பட்டனர், பலர் சுடப்பட்டனர். துணைநின்ற குடியரசினரோ பாஸ்க்கு மக்கள் தனித்து விலகினர் என்று பழித்தனர். இருபுறத்தும் அடிபட்ட மத்தளம் போலாயிற்று அவர்தம் நிலை.

நாடிழந்த அரசு

நாட்டை இழந்தபின் அரசு எதற்கு என்று பலரும் கேட்டிருப்பர். அகிரேயின் விடை செயலாகவே அமைந்தது. அகதிகளுக்கு உறையுளும் காயமுற்றோர்க்கு மருத்துவமனையும் பிரான்சின் பாஸ்க்குப் பகுதியில் அமைக்கப்பட்டன. எயுஸ்காதியின் பெயர் தாங்கிய உதைபந்தாட்டக் குழு ஐரோப்பாவெங்கும் மெக்சிக்கோவிலும் ஆடியது. எரெசோயின்கா என்னும் பாடகர் குழுவைத் தோற்றுவித்து, தம் மக்களின் இசையையும் ஆடலையும் பாரிசு முதலிய நகரங்களில் அரங்கேறச் செய்தார் அகிரே. போரிலே தோற்றோம், மக்களினமாக மறையவில்லை என்பதே அதன் பொருள். 1939ஆம் ஆண்டு பெப்புருவரியில் கத்தலோனியாவும் வீழ்ந்தபோது, அந்நாட்டுத் தலைவர் கொம்பானிசைத் தனியே விடாது, அவரோடு கூடவே கால்நடையாக எல்லையைக் கடந்து பிரான்சு புகுந்தார். மறுவருடம் கொம்பானிசு ஜேர்மனியராற் பிடிபட்டுப் பிராங்கோவிடம் ஒப்படைக்கப்பட்டுச் சுட்டுக்கொல்லப்பட்டார். அகிரேயும் அகப்பட்டிருப்பின் அதுவே அவர் முடிவாகியிருக்கும்.

அம்முடிவு அணித்தாகவே வந்தது. 1940ஆம் ஆண்டு மே மாதத்திற் பெல்ஜியத்திலிருந்த உறவினரைக் காணச் சென்ற சின்னாட்களில், ஜேர்மனியர் அந்நாட்டின்மீது படையெடுத்தனர். தப்பியோடும் வழியிற் குண்டுவீச்சில் அவருடைய தங்கையார் என்கார்னா உயிரிழந்தார். பிரான்சு செல்லும் வழிகள் அடைபட்டன. பிரசெல்சில் இயேசு சபையாரின் மனையில் அகிரே ஒளிந்திருந்தார். பின்னர் அந்துவேர்ப் நகரில் பனாமா நாட்டுத் துணைத்தூதராயிருந்த நல்லார் ஒருவர், அல்வாரெஸ் லாஸ்திரா என்னும் பெயரில் அவருக்குக் கடவுச்சீட்டு அளித்தார். மீசை வளர்த்து, மூக்குக்கண்ணாடி அணிந்து, தம்மைத் தேடுவோரின் தலைநகராகிய பேர்லினுக்கே 1941ஆம் ஆண்டு சனவரியில் அவர் சென்றார். தேடுவோர் தம் வீட்டினுள்ளே தேடார் என்பது அவர் துணிபு போலும். வெனிசுவேலா நாட்டினராக மனைவியார் மாரி சபாலாவும் குழந்தைகளோடு வந்து சேர்ந்தார். ஒரு குடும்பத்தவரே வெவ்வேறு நாட்டினராய் நடித்து வாழ்ந்த அம்மாதங்கள் கத்திமுனையில் நடந்தனையவை. சுவீடன் வழியாகக் கப்பலேறி, ஒகஸ்டில் அவர்கள் பிரேசிலை அடைந்தனர். உருகுவேயில் மீண்டும் தம் சொந்தப் பெயரோடு வெளிப்பட்ட அகிரேயை அங்கு வாழ்ந்த பாஸ்க்கு மக்கள் கண்ணீரோடு வரவேற்றனர்.

அமெரிக்கா சென்று நியூயோர்க்கிலுள்ள கொலம்பியாப் பல்கலைக்கழகத்தில் விரிவுரையாளராயினார். தாம் தப்பிய வரலாற்றை எழுதி 1943இல் நூலாக வெளியிட்டார். நேசநாடுகளின் வெற்றி பிராங்கோவின் வீழ்ச்சியையும் கொணரும் என்பது அவருடைய நம்பிக்கை. அதன்பொருட்டுப் பாஸ்க்கு உளவாளரின் உதவியையும் அமெரிக்காவுக்கு நல்கினார்.

நம்பிக்கையும் ஏமாற்றமும்

போர் முடிந்ததும் பாரிசுக்கு மீண்டார். 1946இல் ஐக்கிய நாடுகள் அவை, ஸ்பானியாவிலிருந்து தூதுவரைத் திருப்பியழைக்குமாறு உறுப்பு நாடுகளுக்குப் பரிந்துரைத்தது. விடியல் அண்மிவிட்டதென்றே பலரும் எண்ணினர். ஆனால் வல்லரசுகளின் பகையும் உறவும் விரைவில் மாறின. சோவியத்து நாட்டை எதிர்க்கப் பிராங்கோவும் வேண்டப்பட்டார். 1950இல் அப்பரிந்துரை நீக்கப்பட்டது. 1951இற் பாரிசிலிருந்த பாஸ்க்கு அரசின் இல்லத்தைப் பிரெஞ்சு அரசு பறித்து ஸ்பானியத் தூதராலயத்துக்கு அளித்தது. 1953இல் அமெரிக்கா பிராங்கோவோடு படைத்தள உடன்படிக்கை செய்தது. 1955இல் ஸ்பானியா ஐக்கிய நாடுகள் அவையில் உறுப்பாயிற்று. தாம் நம்பி உதவிய சனநாயக நாடுகளே தம்மைக் கைவிடுதலை அகிரே படிப்படியாகக் கண்டார். உதவி பெறும்போது இனித்த சொல், உதவி முடிந்தபின் மறக்கப்பட்டது. வல்லரசுகளை அவர் அளவுகடந்து நம்பினார் என்று குறைகூறுவார் கூற்றிலும் உண்மை உண்டு.

ஆயினும் அவர் மனங்கசந்து வன்முறையை நாடினாரல்லர். ஐக்கிய ஐரோப்பாவுக்காகப் பணிசெய்த இயக்கங்களிற் சேர்ந்துழைத்து, சிறு மக்களினங்களுக்கும் அவ்வைரோப்பாவில் இடமுண்டு என்று வாதித்தார். 1956இற் பாரிசில் உலகப் பாஸ்க்கு மாநாட்டைக் கூட்டி, இருபதாண்டு வரவு செலவை மக்கள் முன் வைத்தார். இப்பொறுமையைப் பொறாத இளைஞர் சிலர் 1959இல் எற்றா என்னும் இயக்கத்தைத் தொடங்கினர். அது பிற்காலத்திற் படைக்கலம் ஏந்தி எண்ணூறு பேருக்கு மேற்பட்டோரைக் கொன்று, 2018இற் கலைந்தது. அவ்வழியின் பயன் யாது என்பதை அகிரேயின் வழியோடு ஒப்புநோக்குவார் தாமே அறிவர்.

1960ஆம் ஆண்டு மார்ச் 22ஆந் திகதி பாரிசில் மாரடைப்பால் அகிரே மறைந்தார். அப்போது அவருக்கு வயது ஐம்பத்தாறு. பிரான்சின் பாஸ்க்குப் பகுதியில், எல்லைக்கு அண்மையிலுள்ள சென் ஜான் டி லூஸ் என்னும் கடற்கரை ஊரில் அவர் உடல் அடக்கம் செய்யப்பட்டது. பிறந்த மண் கூப்பிடு தூரத்திலிருந்தும் அதனுட் புக அவ்வுடலுக்கும் இயலாதாயிற்று. லெய்சாவோலா என்பார் அவர்தம் பொறுப்பை ஏற்று, அந்த நாடிழந்த அரசை மேலும் பத்தொன்பதாண்டு தாங்கினார்.

1975இற் பிராங்கோ இறந்தார். 1979ஆம் ஆண்டு ஒக்டோபரில் வாக்கெடுப்பின் மூலம் பாஸ்க்கு மக்கள் மீண்டும் சுயாட்சி பெற்றனர். அவ்வாண்டு இறுதியில் முதியவரான லெய்சாவோலா நாடு திரும்பினார். 1980இற் புதிய தலைவராகிய கரைக்கோயெத்சேயா கேர்ணிக்கா மரத்தடியில் நின்று, அகிரே அன்று எடுத்த ஆணையின் வழியிலேயே தாமும் ஆணை எடுத்தார்.

அகிரே நின்று சூளுரைத்த மரம் 2004இற் பட்டுப்போயிற்று. அதன் வழிவந்த கன்று அங்கே நடப்பட்டது. அதுவும் பட்டுப்போக, 2015இல் மற்றொன்று நடப்பட்டது. ஆட்சி அகிரேயிடம் இருந்தது ஒன்பது மாதத்துக்கும் குறைந்த காலமே. ஆணையோ அவரிடம் இருபத்துமூன்றாண்டுக்கு மேல் இருந்தது. பொருளும் படையும் நாடும் இழந்தார்க்குச் சொல் ஒன்றே எஞ்சும். அதனையும் இழவாது காத்தவர் என்பதனாலேயே அவர் நினைக்கப்படுகின்றார்.